கிருமிக்கும் நோய்க்கும் நடுவே

1929 டிசம்பரில் ஜெர்மனியின் லூபெக் நகரத்தில், புதிதாகப் பிறந்த குழந்தைகளுக்குக் காசநோய்த் தடுப்பு மருந்து கொடுக்கும் திட்டம் தொடங்கியது. இன்று நம் குழந்தைகளின் தோளில் ஊசியாகப் போடப்படும் அதே பி.சி.ஜி.தான். அன்று அதை வாய்வழியே புகட்டினார்கள். பிறந்து பத்து நாளுக்குள் மூன்று முறை. மருந்து தயாரான ஆய்வகத்திலேயே வீரியம் குன்றாத காசநோய்க் கிருமியும் வளர்க்கப்பட்டுக்கொண்டிருந்தது. எப்படியோ இரண்டும் கலந்துவிட்டன. அடுத்த ஆண்டு வசந்தத்தில் குழந்தைகள் ஒவ்வொன்றாக இறக்கத் தொடங்கியபோதுதான் விபரீதம் தெரிந்தது. அதற்குள் 251 குழந்தைகள் அந்த மருந்தை விழுங்கியிருந்தார்கள்.

70க்கும் மேற்பட்ட குழந்தைகள் இறந்துபோனார்கள். மருத்துவ வரலாற்றின் மிகப் பெரிய துயரங்களில் ஒன்று இது. ஆனால் அந்தக் கணக்கின் மறுபக்கத்தையும் பார்க்க வேண்டும். பெரும்பாலான குழந்தைகள் பிழைத்தார்கள். நூற்றுக்கும் மேற்பட்டவர்களுக்குக் காசநோயின் அடையாளங்கள் தோன்றி, பிறகு தாமாகவே ஆறின. காசநோய்க்கு மருந்து என்று ஒன்றே இல்லாத காலம் அது. ஒரு வயதுகூட நிரம்பாத, எதிர்ப்பாற்றல் இன்னும் முதிராத உடல்கள் அவை. உள்ளே போன கிருமியோ ஆளைக் கொல்லும் கிருமி. கலப்படத்தின் அளவு ஒவ்வொரு தொகுதி மருந்திலும் வேறுபட்டது என்பது ஒரு காரணம்தான். அதை மட்டும் வைத்து எல்லாவற்றையும் விளக்கிவிட முடியவில்லை. ஒரே கிருமியை விழுங்கிய குழந்தைகளில் ஒன்று ஏன் இறந்தது, இன்னொன்று ஏன் தவழ்ந்து நடந்து வளர்ந்தது?

நோய் என்றால் என்ன என்ற கேள்விக்கு இதைவிடக் கூர்மையான வடிவம் கிடைப்பது அரிது.

லூபெக் சம்பவத்துக்கு அரை நூற்றாண்டு முன்பு இந்தக் கேள்விக்கு விடை கிடைத்துவிட்டது என்றே பலரும் நினைத்தார்கள். 1882 மார்ச் 24 மாலை, பெர்லினில் ராபர்ட் கோக் தன் நுண்ணோக்கிகளையும் கண்ணாடித் தகடுகளையும் மேசைமேல் பரப்பிவைத்துப் பேசினார். மனிதர்களில் ஏழில் ஒருவர் காசநோயால் சாகிறார் என்று கணக்கிட்ட காலம். பரம்பரைக் கோளாறு என்றும், கெட்ட காற்றின் விளைவு என்றும், மென்மையான மனம் படைத்தவர்களைப் பீடிக்கும் வியாதி என்றும் ஆளுக்கொன்று சொல்லிக்கொண்டிருந்த நோய்க்கு, மெல்லிய கோல் வடிவக் கிருமி ஒன்றே காரணம் என்று அவர் காட்டினார். நோயுற்ற திசுவிலிருந்து அதைப் பிரித்தெடுத்தார். உறைந்த சீரத்தில் வளர்த்தார். கினியா பன்றிகளுக்குச் செலுத்தி அவற்றுக்கு அதே நோயை வரவழைத்தார். மறுக்க இடமில்லாத சான்று அது. அந்தக் கிருமி இல்லாமல் காசநோய் இல்லை. இன்றுவரை அதில் மாற்றமில்லை.

மாறியது வேறு ஒன்று. கிருமி இல்லாமல் நோய் இல்லை என்பதிலிருந்து, கிருமி இருந்தால் நோய் உண்டு என்று எல்லோரும் தாவிவிட்டார்கள். அந்தத் தாவல் தவறு என்பது இருபது ஆண்டுக்குள் பிணக்கூடங்களிலேயே தெரிந்துவிட்டது. 1900இல் சூரிச் நகரில் ஓட்டோ நேகலி, பல காரணங்களால் இறந்தவர்களின் உடல்களைத் திறந்து நுணுக்கமாகத் தேடினார். பெரியவர்களில் ஏறத்தாழ எல்லோரிடமும் காசநோயின் பழைய தழும்பு இருந்தது. விபத்தில் இறந்தவர், மாரடைப்பில் இறந்தவர், முதுமையில் இறந்தவர் யாராயினும், வாழ்நாளில் ஒரு கட்டத்தில் அந்தக் கிருமியைச் சந்தித்திருக்கிறார்கள். தங்களுக்கே தெரியாமல் அதை அடக்கியும் இருக்கிறார்கள். சில ஆண்டுகள் கழித்து வியன்னாவில் கிளெமென்ஸ் ஃபான் பிர்கே, கோக் தயாரித்த டியூபர்குலின் என்ற சாற்றைக் குழந்தைகளின் தோலில் கீறிப் பார்த்தார். கோக் அதை மருந்தாக அறிவித்துத் தோற்றிருந்தார். பிர்கேவின் கையில் அது சோதனையாக மாறியது. வளர்ந்த பிள்ளைகளில் பெரும்பாலோரின் தோல் சிவந்து தடித்தது. அவர்கள் பள்ளிக்குப் போய்க்கொண்டும் விளையாடிக்கொண்டும் இருந்தவர்கள்.

இன்றைய மதிப்பீட்டின்படி உலக மக்களில் ஏறத்தாழ நான்கில் ஒருவர் உடலில் இந்தக் கிருமி எப்போதோ தொற்றியிருக்கிறது. அவர்களில் வாழ்நாள் முழுவதிலும் நோயாளியாகிறவர்கள் 100க்கு 5 முதல் 10 பேர். அதுவும் பெரும்பாலும் தொற்றிய முதல் இரண்டு ஆண்டுகளுக்குள். மற்றவர்கள் எல்லோருக்கும் கிருமி உள்ளே உறங்கிக்கொண்டிருக்கிறது என்று பாடநூல்கள் நெடுங்காலம் சொல்லிவந்தன. அதையும் இப்போது ஆய்வாளர்கள் கேள்வி கேட்கிறார்கள். தோல் சோதனை காட்டுவது உடலின் நினைவைத்தான். கிருமி அழிந்துபோன பிறகும் அந்த நினைவு தங்கும். ‘தொற்று உள்ளவர்’ என்று பட்டியலில் ஏறிய பலரின் உடலில் உயிருள்ள கிருமி ஒன்றுகூட இப்போது இல்லாமலிருக்கலாம்.

தொற்று நோயாக மாறுவது எப்படி என்பதை நுரையீரலுக்குள் போய்த்தான் பார்க்க வேண்டும்.

இருமும்போதும் பேசும்போதும் வெளிவரும் துளிகளில் பெரியவை தரையில் விழுந்துவிடுகின்றன. மிகச் சிறியவை காற்றில் உலர்ந்து, மணிக்கணக்கில் மிதக்கின்றன. அவற்றில் சில, மூச்சுக்குழாயின் வடிகட்டிகளைத் தாண்டி நுரையீரலின் கடைசிக் காற்றுப்பைவரை போய்ச் சேருகின்றன. அங்கே காவலுக்கு இருப்பவை மேக்ரோபேஜ்கள். வந்த அந்நியப் பொருளை விழுங்கிச் செரிப்பது இந்தச் செல்களின் வேலை. காசநோய்க் கிருமியையும் அவை தயக்கமின்றி விழுங்குகின்றன. கிருமிக்கு வேண்டியதும் அதுதான். தன்னைச் சூழ்ந்த பைக்குள் அமிலமும் செரிப்புச் சாறும் வந்து சேராதபடி அது தடுத்துவிடுகிறது. பிறகு சில புரதங்களைச் சுரந்து பையின் சுவரையே சிதைக்கிறது. அந்தப் புரதங்களுக்கான மரபணுப் பகுதியைத்தான் பி.சி.ஜி. கிருமி இழந்துவிட்டது. பிரான்சில் ஆல்பர்ட் கால்மெட், கமீய் கெரான் இருவரும் 1908 முதல் 13 ஆண்டுகள் மாட்டுக் காசநோய்க் கிருமியை உருளைக்கிழங்கிலும் பித்தநீரிலும் 230 முறை மாற்றி மாற்றி வளர்த்ததில் அது கழன்றுபோனது. லூபெக்கில் கலந்துபோன இரண்டு கிருமிகளுக்கும் இடையே இருந்த முக்கியமான வேறுபாடு இந்தச் சிறு துண்டு.

அவசரப்படாத கிருமி இது. நம் குடலில் வாழும் ஈ.கோலை பாக்டீரியா நல்ல சூழலில் 20 நிமிடத்துக்கு ஒருமுறை இரண்டாகப் பிரியும். காசநோய்க் கிருமிக்கு ஏறத்தாழ 20 மணி நேரம் பிடிக்கிறது. அதை அடையாளம் கண்டு தாக்கும் டி செல்கள் திரண்டு நுரையீரலுக்கு வந்துசேரவும் பல வாரங்கள் ஆகின்றன. அதற்குள் முதல் மேக்ரோபேஜ் செத்து, அதை விழுங்க வந்த இன்னொன்று தொற்றி, அதைச் சுற்றி மேலும் பல கூடி, கடுகளவு முடிச்சு ஒன்று உருவாகிவிடுகிறது. கிரானுலோமா என்று அதற்குப் பெயர். உடல் கட்டிய சிறை என்றே அதை நீண்ட காலம் வர்ணித்தார்கள். பலருக்கு அது அப்படித்தான் முடிகிறது. முடிச்சு சுருங்கி, சுண்ணாம்பு படிந்து, எக்ஸ்ரேயில் ஒரு வெள்ளைப் புள்ளியாக மட்டும் தெரியும். நேகலி பிணக்கூடத்தில் கண்டவை அவைதான்.

சிலருக்குக் கதை வேறு விதமாகப் போகிறது. முடிச்சின் நடுப்பகுதி செத்து, பாலாடைக்கட்டி போன்ற பொருளாகிறது. அது இளகுகிறது. சுற்றியுள்ள திசுவின் நார்களை நொதிகள் அரிக்கின்றன. ஒருநாள் அந்த இளகிய பொருள் பக்கத்து மூச்சுக்குழாய்க்குள் உடைந்து வழிய, இருந்த இடத்தில் ஒரு குழி விழுகிறது. காற்றோட்டமான அந்தக் குழியின் சுவரில் கிருமிகள் கோடிக்கணக்கில் பெருகுகின்றன. இருமல் அவற்றை வெளியே கொண்டுபோகிறது. ரத்தக் குழாய் ஏதேனும் அரிக்கப்பட்டால் சளியில் ரத்தம் வருகிறது.

அந்தக் குழியைத் தோண்டுவது யார்? நார்களை அரிக்கும் நொதிகளைச் சுரப்பவை பெரும்பாலும் நம் செல்களே. மாலையில் ஏறும் காய்ச்சலும் நம் செல்கள் விடுக்கும் ரசாயனச் சமிக்ஞைகள் மூளையை எட்டுவதால் வருவது. ஆளை உருக்கும் மெலிவுக்குப் பின்னால் இருக்கும் பொருள்களில் முக்கியமானது டி.என்.எஃப். என்ற புரதம். உடல் நலிவுக்குக் காரணமான பொருள் என்று தனியே தேடப்பட்டதும் எதிர்ப்பாற்றலின் ஆயுதமான இதுவும் ஒன்றே என்பது 1985 வாக்கில் தெரியவந்தது. எச்.ஐ.வி. முற்றிய நிலையில் டி செல்கள் அருகிப்போன காசநோயாளிகளின் நுரையீரலில் குழிகள் குறைவாகவே விழுகின்றன. குழி தோண்ட வேண்டிய படை அங்கே இல்லை. ஆனால் அவர்கள் சீக்கிரம் இறந்துவிடுகிறார்கள். தடுக்க வேண்டிய படையும் இல்லை.

ஆக, எதிர்ப்பாற்றலை ஏற்றிவிட்டால் போதும் என்று விளம்பரங்கள் சொல்வதுபோல் விஷயம் எளிதாக இல்லை. அமெரிக்காவின் வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் லலிதா ராமகிருஷ்ணனின் குழுவினர் இதை வரிக்குதிரை மீன்களில் காட்டினார்கள். இந்த மீனின் குஞ்சுகள் கண்ணாடிபோல் தெளிந்தவை. உயிரோடு இருக்கும்போதே உள்ளே கிருமியும் மேக்ரோபேஜும் செய்வதை நுண்ணோக்கியில் பார்க்கலாம். காசநோய்க் கிருமியின் நெருங்கிய உறவான மீன் கிருமியை அவர்கள் செலுத்தினார்கள். டி.என்.எஃப். குறைவான மீன்களில் மேக்ரோபேஜுக்குள் கிருமி தடையின்றிப் பெருகி, செல் வெடித்தது. டி.என்.எஃப். மிகுந்த மீன்களில் மேக்ரோபேஜ் முதலில் கிருமியைக் கொன்றது; பிறகு தன் உக்கிரத்தாலேயே தானும் செத்தது. எஞ்சிய கிருமிகள் வெளியே வந்து தங்குதடையின்றிப் பெருகின. கூடினாலும் குறைந்தாலும் முடிவு ஒன்றுதான். ‘சிறை’ என்று கருதப்பட்ட கிரானுலோமா, தொடக்க நாள்களில் புதிய மேக்ரோபேஜ்களை வரவழைத்துக் கிருமிக்கு இரையாக்குகிறது என்பதையும் இதே குழு காட்டியது.

மனிதர்களிடம் இதற்கு ஒரு சான்று யாரும் எதிர்பாராத இடத்திலிருந்து வந்தது. முடக்குவாதத்துக்காக இன்ஃப்ளிக்ஸிமாப் என்ற புதிய மருந்து 1990களின் இறுதியில் புழக்கத்துக்கு வந்தது. டி.என்.எஃப்.பைப் பிடித்து முடக்குவதே அதன் வேலை. மூட்டு வீக்கம் அற்புதமாக வடிந்தது. 2001இல் வெளியான ஓர் ஆய்வுக் கட்டுரை, அம்மருந்து பெற்றவர்களில் 70 பேருக்குக் காசநோய் வந்ததைப் பதிவுசெய்தது. பெரும்பாலோருக்கு மூன்று ஊசிகளுக்குள்ளாகவே வந்துவிட்டது. அவர்களில் பலர் காசநோய் அரிதாகிவிட்ட நாடுகளில் வாழ்ந்தவர்கள். அடங்கிக் கிடந்தது ஒரு புரதத்தை எடுத்ததும் எழுந்துகொண்டது.

அறிகுறிகளைப் பற்றியும் ஒரு விஷயத்தைச் சொல்ல வேண்டும். காய்ச்சல், மெலிவு, வியர்வை என்று உடலிடம் இருக்கும் மொழி சிறியது. எத்தனையோ நோய்களுக்கு அதே சொற்களில்தான் அது பதில் சொல்கிறது. கணித மேதை ராமானுஜன் 1917இல் இங்கிலாந்தில் நோயுற்றபோது விட்டுவிட்டு வந்த காய்ச்சலையும் மெலிவையும் வைத்துப் பல மருத்துவர்கள் காசநோய் என்றார்கள். காசநோயாளிகளுக்கான சானடோரியங்களில் கிடந்தார். 1920 ஏப்ரல் 26 அன்று சென்னைச் சேத்துப்பட்டில் 32 வயதில் இறந்தார். 1994இல் டி.ஏ.பி. யங் என்பவர் அவருடைய நோய்க் குறிப்புகளை மறுபடி ஆராய்ந்து, கல்லீரலில் பரவிய அமீபா தொற்றாக இருந்திருக்கலாம் என்று எழுதினார். அப்படியானால் அன்றே குணப்படுத்தியிருக்கக்கூடிய நோய். அந்த வாக்கியத்தைப் படித்துவிட்டு அடுத்த வரிக்குப் போவது எளிதல்ல.

இதற்கு நேர்மாறான நிலையும் உண்டு: நோய் இருக்கும், அறிகுறி இருக்காது. 2019 முதல் 2021 வரை இந்தியா முழுவதும் நடந்த தேசியக் காசநோய்க் கணக்கெடுப்பில், சளிப் பரிசோதனையில் நோய் உறுதியானவர்களில் 10 பேரில் 4 பேருக்கும் மேற்பட்டோர் எந்த அறிகுறியும் சொல்லவில்லை. எக்ஸ்ரே எடுத்ததால்தான் அகப்பட்டார்கள். ‘நலமாக இருக்கிறேன்’ என்று அவர்கள் சொன்னது பொய்யில்லை. தொற்று இல்லாதவர், தொற்றை வென்றவர், தொற்று அடங்கியிருப்பவர், நோய் தொடங்கியும் உணராதவர், இருமிக்கொண்டிருப்பவர் என்று இது ஒரு நீண்ட பாதை. ஆள் அதில் முன்னும் போகலாம், பின்னும் வரலாம்.

எந்தத் திசையில் போவார் என்பதைத் தீர்மானிக்கும் காரணங்களில் பல கிருமியிடம் இல்லை. எச்.ஐ.வி. உள்ளவர்களிடம் அடங்கிய தொற்று, சிகிச்சை இல்லாவிட்டால் ஆண்டுக்கு 100க்கு 10 பேரிடம்வரை நோயாக மாறக்கூடும். மற்றவர்களுக்கு வாழ்நாள் முழுவதிலும் இருக்கும் ஆபத்து அவர்களுக்கு ஒரே ஆண்டில். சர்க்கரை நோய் ஆபத்தை ஏறத்தாழ மூன்று மடங்காக்குகிறது. தமிழ்நாட்டில் நடந்து 2012இல் வெளியான ஓர் ஆய்வில், காசநோயாளிகளில் நான்கில் ஒருவருக்குச் சர்க்கரை இருந்தது. புகையும் மதுவும் தங்கள் பங்கைச் செய்கின்றன. எல்லாவற்றையும்விட இந்தியாவில் பெரிய காரணம் பசி. உயரத்துக்கு ஏற்ற எடையைக் குறிக்கும் பி.எம்.ஐ. ஒரு புள்ளி கூடும்போது காசநோய் ஆபத்து ஏறத்தாழ 14 சதவீதம் குறைகிறது என்று பல நாட்டு ஆய்வுகளைத் தொகுத்துக் கண்டிருக்கிறார்கள். இங்கிலாந்தில் ஸ்ட்ரெப்டோமைசின் என்ற காசநோய் மருந்து வருவதற்கு முன்பே காசநோய்ச் சாவுகள் பல பத்தாண்டுகளாகச் சரிந்துகொண்டே வந்தன. உணவா, வீடா, நோயாளிகளைத் தனிமைப்படுத்தியதா என்று அதன் காரணத்தைப் பற்றி அறிஞர்கள் இன்றும் வாதிடுகிறார்கள். மருந்து இல்லை என்பது மட்டும் உறுதி.

இந்த இடத்தில் சென்னையில் நடந்த ஓர் ஆய்வு குறுக்கே வந்து நிற்கிறது. 1956இல் சேத்துப்பட்டில் காசநோய் மருத்துவ ஆய்வு மையம் ஒன்று தொடங்கப்பட்டது. இன்றைய தேசியக் காசநோய் ஆராய்ச்சி நிறுவனம் அதுதான். நல்ல காற்று, ஓய்வு, பால், முட்டை ஆகியவற்றோடு சானடோரியத்தில் மாதக்கணக்கில் படுத்திருப்பதே சிகிச்சை என்று உலகம் நம்பிய காலம். தாம்பரத்துக்குப் பக்கத்தில் ரயில் நிலையத்துக்கே ‘சானடோரியம்’ என்று பெயர் நிலைத்தது அப்படித்தான். வாலஸ் ஃபாக்ஸ் தலைமையிலான குழு, நகரின் ஏழை நோயாளிகள் 193 பேரை எடுத்துக்கொண்டது. ஒரு பாதியைச் சானடோரியத்தில் சேர்த்தது. மறு பாதியை அவர்களுடைய நெரிசலான வீடுகளிலேயே இருக்கவிட்டது. இரு பிரிவினருக்கும் ஓராண்டுக்கு ஒரே மாத்திரைகள். வீட்டில் இருந்தவர்களுக்குச் சாப்பாடு குறைவு, ஓய்வு குறைவு. ஆண்டு முடிவில் கிருமி அடங்கியவர்கள் வீட்டில் 86 சதவீதம், சானடோரியத்தில் 92 சதவீதம். வேறுபாடு மிகச் சிறியது. வீட்டில் உடன் வாழ்ந்தவர்களுக்கும் நோய் அதிகமாகப் பரவவில்லை. 1959இல் வெளியான இந்த முடிவு உலகெங்கும் சானடோரியங்களின் கதவுகளை மூடவைத்தது. ஏழை நோயாளி வேலையையும் குடும்பத்தையும் விட்டுவிட்டு ஓராண்டு படுத்துக்கிடக்க வேண்டியதில்லை என்றாயிற்று. இது மாபெரும் விடுதலை.

ஆனால் அந்த விடுதலையோடு ஒரு மறதியும் சேர்ந்துகொண்டது. மாத்திரை கிருமியைக் கொல்லும், சாப்பாடு முக்கியமில்லை என்று பல தலைமுறை மருத்துவர்கள் முடிவுகட்டிவிட்டார்கள். சென்னை ஆய்வு அப்படிச் சொல்லவில்லை. நோய் வந்தபின் நல்ல மருந்து கிடைத்தால் குணமாகும் என்றது. நோய் யாருக்கு வருகிறது என்பது தனிக் கேள்வி.

அந்தக் கேள்விக்கு விடை 2023இல் ஜார்க்கண்டிலிருந்து வந்தது. மருத்துவர் அனுராக் பார்கவாவின் குழு அம்மாநிலத்தில் 2,800 காசநோயாளிகளின் வீடுகளில் உடன் வாழ்ந்த 10,345 பேரைப் பின்தொடர்ந்தது. நோயாளிகள் எல்லோருக்கும் உணவுப் பொருள்கள் தரப்பட்டன. ஒரு பாதிக் குடும்பங்களில் மற்ற உறுப்பினர்களுக்கும் மாதந்தோறும் அரிசியும் பருப்பும் சத்து மாத்திரையும் போய்ச் சேர்ந்தன. அந்த வீடுகளில் புதிதாகக் காசநோய் வந்தவர்கள் 39 சதவீதம் குறைவு. சளிப் பரிசோதனையில் உறுதியான நுரையீரல் காசநோய் 48 சதவீதம் குறைவு. தடுப்பூசி ஒன்று இப்படி ஒரு முடிவைக் காட்டியிருந்தால் உலகச் செய்தியாகியிருக்கும். அதே வீட்டில், அதே காற்றை மூச்சிழுத்து, அதே கிருமியை வாங்கியவர்கள்தான் அவர்கள். சிகிச்சையில் இருந்தவர்களிலும், முதல் இரண்டு மாதங்களில் எடை கூடியவர்கள் இறப்பது வெகுவாகக் குறைந்தது.

உலக சுகாதார நிறுவனத்தின் கணக்கில் 2023இல் மட்டும் 1 கோடியே 8 லட்சம் பேர் காசநோயாளிகளானார்கள், 12.5 லட்சம் பேர் இறந்தார்கள். நோயாளிகளில் நான்கில் ஒருவர் இந்தியர். மருந்து இலவசமாகக் கிடைக்கும் நாட்டிலும் பலர் சிகிச்சை தொடங்கிய முதல் சில வாரங்களிலேயே இறந்துவிடுகிறார்கள். மாத்திரை வேலை செய்யத் தொடங்கும்வரை தாக்குப்பிடிக்க அந்த உடல்களில் இருப்பு இல்லை. இதைக் கண்ட தமிழ்நாடு 2022இல் ‘காசநோய் இறப்பில்லாத் திட்டம்’ என்ற ஒன்றைத் தொடங்கியது. நோய் உறுதியான ஒவ்வொருவரையும் அன்றே ஆரம்ப சுகாதார நிலைய ஊழியர் பார்க்கிறார். எடைக்கும் உயரத்துக்கும் உள்ள பொருத்தம், காலில் வீக்கம், நிமிடத்துக்கு எத்தனை மூச்சு, ரத்தத்தில் எவ்வளவு ஆக்சிஜன், பிறர் உதவியின்றி எழுந்து நிற்க முடிகிறதா என்று சோதித்துக் குறித்துக்கொள்கிறார். இதற்கு ஆய்வகமும் வேண்டாம், எக்ஸ்ரேயும் வேண்டாம். கடுமையாக மெலிந்தவர்களும், மூச்சு வாங்குகிறவர்களும், நிற்க முடியாதவர்களும் மருத்துவமனைக்கு அனுப்பப்படுகிறார்கள். அங்கே காசநோய் மாத்திரையோடு, தேவைப்பட்டால் ஆக்சிஜனும், மெலிந்த உடல் தாங்கும் அளவில் தொடங்கி மெல்லக் கூட்டப்படும் உணவும் தரப்படுகின்றன.